ஒரு வக்துக்கு ஒரு வேலை: கைக்குழந்தையோடு வீட்டை ஓட்டும் முறை

மலேசியாவில், எங்கள் சுங்கை சிப்புட்டில் மதியம் ஒன்றேகால் வாக்கில் லுஹர் பாங்கு (மதியத் தொழுகைக்கான அழைப்பு) கேட்கும். நான்கு மாதத்துக்கு முன்பு ஒருநாள் அந்தப் பாங்கு கேட்டபோதுதான், காலையில் ஊற்றி வைத்த தேத்தண்ணி ஆடை படர்ந்து மேசையில் அப்படியே இருப்பதைப் பார்த்தேன். சுபுஹுக்கு (அதிகாலைத் தொழுகை நேரம்) மெஷினில் போட்ட துணி உள்ளேயே கிடந்து வாடை பிடித்திருந்தது. தோளில் சின்னவன். பெரியவன் பள்ளிவிட்டு வரும் நேரம், சோறு இன்னும் அரிசியாகவே இருந்தது.

பக்கத்து வீட்டுப் பாட்டி அந்தக் காலத்தில் ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். வேலிக்கு அந்தப் பக்கம் நின்று, "எங்களுக்காச்சும் தோட்டத்துல ஆயாக் கொட்டாய் இருந்துச்சு. புள்ளைய வுட்டுட்டு மரம் வெட்டப் போவோம். ஒனக்கு அதுவும் இல்லையே தாயி" என்றார். உண்மைதான். பால்மரம் போய் செம்பனை வந்து, நாங்கள் தாமான் (புதுக் குடியிருப்பு) வீடுகளுக்கு வந்தபோது வீட்டுக்கொரு அடுப்பு வந்தது, ஆயா வரவில்லை.

அதற்குப் பிறகு தட்டுத்தடுமாறி நான் பிடித்துக்கொண்ட முறை இது. முதல் பிள்ளை பெற்றவர்களுக்காக எழுதுகிறேன். நாலு பெற்றவர்கள் சிரித்துவிட்டுப் போகலாம்.

படி 1: மூன்று நாள் குறித்து வையுங்கள்

அட்டவணை போடாதீர்கள். முதலில் நாட்காட்டியின் பின்பக்கத்தில், பிள்ளை பால் குடித்த நேரத்தையும் தூங்கிய நேரத்தையும் மட்டும் மூன்று நாள் குறியுங்கள். பச்சைப் பிள்ளை ஒரு நாளைக்கு 8 முதல் 12 தடவை குடிக்கும். 10 தடவை, தடவைக்கு அரை மணி நேரம் என்று வைத்தாலே 5 மணி நேரம். இதை வேலைக் கணக்கில் சேர்க்காததால்தான் "வீட்டில் சும்மாதானே இருக்கிறேன், ஏன் ஒன்றும் முடியவில்லை" என்ற குழப்பம் வருகிறது. நான் குறித்த தாளைக் கணவரிடம் காட்டினேன். ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் அன்று அவர் தட்டை அவரே கழுவினார்.

படி 2: ஒரு நாளை ஐந்தாகப் பிரியுங்கள்

கைக்குழந்தை உள்ள வீட்டில் மணி பார்த்து வேலை செய்ய முடியாது. பத்து மணிக்குச் சமையல் என்று எழுதி வைத்தால் பத்து மணிக்குத்தான் பிள்ளை அழும். வக்து, அதாவது ஐந்து வேளைத் தொழுகையில் ஒவ்வொன்றுக்கும் உள்ள நேரம், அப்படியில்லை. லுஹர் என்பது ஒன்றேகாலிலிருந்து அஸர் (பிற்பகல் தொழுகை) வரைக்கும், கிட்டத்தட்ட மூன்று மணி நேர அகலம். அதற்குள் எப்போதாவது பிள்ளை தூங்கும்.

ஆகவே வக்துக்கு ஒரே ஒரு பெரிய வேலை. என் வீட்டில் சுபுஹுக்குப் பின் துணி, ஏனென்றால் இங்கே சாயங்காலம் மழை பிடித்துக்கொள்ளும். காலை ஒன்பதுக்குள் கொடியில் போட்டால்தான் மழைக்கு முன் காயும். லுஹருக்கு முன்னும் பின்னுமாகச் சமையல். அஸருக்குப் பின் காய்ந்ததை மடிப்பது, பெரியவனின் பள்ளிப்பாடம். அந்தித் தொழுகையான மக்ரிபுக்கு ஒன்றுமே கிடையாது. அந்த நேரத்தில் பிள்ளை காரணமில்லாமல் சிணுங்கும், தூக்கி வைத்திருப்பதே ஒரு வேலை. இரவுத் தொழுகையான இஷாவுக்குப் பின் மறுநாளுக்கு அரிசி அளந்து வைப்பது, பால் பாட்டில் கொதிநீரில் போடுவது.

நிஃபாஸ் நாட்களில் (பிள்ளை பெற்ற பின் உதிரப்போக்கு உள்ள நாட்கள்) தொழுகை இல்லை. ஆனாலும் பாங்கு கேட்கும், கடிகாரமாக அது போதும்.

வக்து முடிந்தும் வேலை முடியவில்லையா? விட்டுவிடுங்கள். அடுத்த வக்துக்குத் தூக்கிக்கொண்டு போனால் இரண்டும் கெடும். மடிக்காத துணி ஒரு கூடையில் மூன்று நாள் இருந்தால் யாருக்கும் காய்ச்சல் வராது.

படி 3: ஞாயிற்றுக்கிழமை தாளிப்பு

இந்த ஒரு படியை மட்டும் செய்தாலும் பாதிப் பாரம் குறையும். கணவர் வீட்டில் இருக்கும் நேரமாகப் பார்த்து, 1 கிலோ பெரிய வெங்காயத்தை மெல்லியதாக நறுக்குங்கள். பெரிய சட்டியில் தாராளமாக எண்ணெய் ஊற்றி, பட்டை, கிராம்பு, ஏலக்காய், அன்னாசிப்பூ போட்டு வெங்காயத்தைக் கொட்டுங்கள். நடுத்தரத் தீயில் அரை மணி நேரமாவது ஆகும். முதலில் நீர் விட்டுத் துவளும், அப்புறம் பொன்னிறமாகும், அதையும் தாண்டி ஓரங்கள் சிவக்க ஆரம்பிக்கும்போது இஞ்சி, பூண்டு விழுது வகைக்கு 100 கிராம். பச்சை வாடை போனதும் நாலு தக்காளி, ஒரு பிடி கறிவேப்பிலை. எண்ணெய் மேலே மிதந்தால் இறக்கலாம்.

ஆறியதும் ஐந்து சின்ன டப்பாக்களில் பிரித்து, மேலே தேதி எழுதி உறைபெட்டியில் வையுங்கள். ஒரு டப்பா அரைக்கோழிக் கறிக்குச் சரியாக வரும். அன்றைக்கு மசாலாத்தூளும் தேங்காய்ப்பாலும் சேர்த்தால் ஆணம் (குழம்பு) தயார். மீனுக்கென்றால் பட்டை, கிராம்பு இல்லாமல் ஒரு பங்கு தனியாக வதக்குங்கள். மீனில் பட்டை வாசம் இருந்ததை என் மாமி (கணவரின் தாய்) ஒரு வாய் வைத்ததுமே கண்டுபிடித்துவிட்டார்.

தாய்ப்பாலைப் பிழிந்து எடுத்து வைப்பவர்கள் அதையும் தேதி எழுதி வையுங்கள். குளிர்பெட்டியில் 4 நாள் வரை. வெளியில் 4 மணி நேரம் என்பார்கள், ஆனால் அது 25 டிகிரிக்குச் சொன்ன கணக்கு. நம்மூர் வெக்கைக்கு உடனே உள்ளே வைத்துவிடுவது நல்லது. கறி டப்பாவுக்குப் பக்கத்தில் வைக்காமல் தனித் தட்டில் வையுங்கள்.

படி 4: தொழுகைக்கு ஒரு மூலை

பிள்ளை மேலே சிறுநீர் கழித்துவிட்டது, மாற்ற உடை இல்லை, வக்து போகிறது. எல்லோருக்கும் வரும் தொல்லை. இரண்டு தெலுக்கோங் (பெண்கள் தொழும்போது அணியும் உடை) வையுங்கள், ஒன்று கொடியில் இருந்தாலும் ஒன்று ஆணியில் இருக்கும். ஷாஃபி மத்ஹபில் (மத்ஹபு என்பது இஸ்லாமியச் சட்ட வழி), இரண்டு வயதுக்குள், பால் தவிர வேறு உணவு உண்ணாத ஆண் பிள்ளையின் சிறுநீர் பட்டால் அந்த இடம் முழுக்கத் தண்ணீர் தெளித்தாலே போதும். பெண் பிள்ளையென்றால் கழுவ வேண்டும். உங்கள் மத்ஹபு வேறென்றால் உஸ்தாதிடம் (மார்க்க ஆசிரியர்) கேட்டுக்கொள்ளுங்கள்.

தொழும் இடத்துக்குப் பக்கத்தில் தரையில் தட்டையான மெத்தை. தலையணை, பொம்மை எதுவும் இல்லாமல் பிள்ளையை மல்லாக்கப் படுக்க வையுங்கள். அழுதால் சிறு சூராக்களோடு (குர்ஆன் அத்தியாயங்கள்) முடியுங்கள். பிள்ளையின் அழுகை கேட்டால் தாயின் மனம் தவிக்கும் என்று நபி அவர்கள் ஜமாஅத்தையே (கூட்டுத் தொழுகை) சுருக்கித் தொழ வைத்திருக்கிறார்கள். பேத்தி உமாமாவைச் சுமந்துகொண்டும் தொழுதிருக்கிறார்கள்.

படி 5: வேலையைப் பெயர் சொல்லிக் கேளுங்கள்

என் கணவர் சாப்பாட்டுக் கடையில் பரோட்டா மாஸ்டர். கடையில் மலைபோல் மாவு பிசைவார், வீட்டுக்கு வந்தால் தண்ணீர் செம்பு எங்கே என்பார். "கொஞ்சம் உதவி செய்யுங்களேன்" என்று மூன்று வாரம் சொல்லிப் பார்த்தேன். "சொல்லு, செய்யுறேன்" என்பார், அதோடு சரி. அப்புறம் மாற்றிச் சொன்னேன்: "என்னங்க, கடை அடைச்சு நீங்க வர ரெண்டு மணியாகுது. அந்தப் பால் உங்க பொறுப்பு. எடுத்து வச்சிருக்கேன், குடிக்க வச்சு ஏப்பம் விட வைக்கணும்." அன்று முதல் அது அவர் வேலை. இரவு பத்திலிருந்து ஐந்து வரை எனக்கு ஒரே ஓட்டமாகத் தூக்கம் கிடைத்த முதல் நாள், எழுந்து பயந்துபோய் பிள்ளையின் மூச்சைத் தொட்டுப் பார்த்தேன். (தாய்ப்பால் நன்றாக ஊறி நிலைத்த பிறகுதான் இதைத் தொடங்குங்கள், மார்பு கட்டிக்கொண்டால் எழுந்து எடுத்துவிடுங்கள்.)

மாமி முதலில் முகம் சுளித்தார். ஆம்பளைப் பிள்ளை இதெல்லாம் செய்வானா என்றார். நபி அவர்கள் வீட்டில் என்ன செய்வார்கள் என்று கேட்டதற்கு, குடும்பத்தாரின் வேலைகளில் இருப்பார்கள் என்று அவர்களின் மனைவி ஆயிஷா நாயகி சொன்னது ஹதீஸ் தொகுப்பான புகாரியில் இருக்கிறது. அதைச் சொன்னது நான் இல்லை, அவர் மகனே சொன்னார்.

படி 6: உங்களுக்கான அரை மணி நேரம்

பால் கொடுக்க உட்காரும் இடத்தில் எப்போதும் ஒரு பாட்டில் தண்ணீர், ஒரு டப்பா பேரீச்சம்பழம். பிள்ளை குடிக்கும்போது நீங்களும் குடியுங்கள். மதியச் சோற்றைப் பெரியவன் வருவதற்கு முன்பே சாப்பிட்டுவிடுங்கள், மிச்சம் தின்பது தாய்மை அல்ல.

அஸருக்குப் பின் அரை மணி நேரம் கதவைச் சாத்திக்கொள்ளுங்கள். நான் தலைக்கு எண்ணெய் வைத்துக் குளிப்பேன், அல்லது சும்மா காற்றாடியைப் பார்த்துக்கொண்டு படுத்திருப்பேன்.

பிள்ளை பெற்ற முதல் நாட்களில் காரணமில்லாமல் அழுகை வருவது சகஜம். இரண்டு வாரத்தைத் தாண்டியும் தூக்கமில்லை, பிள்ளையைப் பார்க்கவே பிடிக்கவில்லை என்றால் அதை ஈமான் (இறைநம்பிக்கை) குறைவு என்று யார் சொன்னாலும் கேட்காதீர்கள். அரசாங்கக் கிளினிக்கில் 2, 3, 5 மாதங்களில் பிள்ளைக்கு ஊசி போடப் போவீர்கள் அல்லவா, தாதியிடம் சொல்லுங்கள். அந்த நாள் வரை காத்திருக்க வேண்டும் என்றும் இல்லை. உங்களை நீங்களே ஏதும் செய்துகொள்ளலாம் என்றோ பிள்ளையை ஏதும் செய்துவிடலாம் என்றோ தோன்றினால் அன்றைக்கே, அந்த நேரமே, வீட்டில் ஒருவரைக் கூட்டிக்கொண்டு மருத்துவமனைக்குப் போங்கள்.

திருகை அரைத்துக் கை காய்த்துப்போய், பணியாள் கேட்டு ஃபாத்திமா நாயகி தம் தந்தை நபி அவர்களிடம் போனார்கள். படுக்கப் போகும்போது ஓதும்படி 33 சுப்ஹானல்லாஹ், 33 அல்ஹம்துலில்லாஹ், 34 அல்லாஹு அக்பர் சொல்லிக் கொடுக்கப்பட்டது. இதைச் சொல்லி நம்மை வாயடைக்கப் பார்ப்பவர்கள் உண்டு. அவர்களும் உதவி கேட்டுத்தான் போனார்கள் என்பதை நான் பிடித்துக்கொண்டேன். நானும் ஓதுகிறேன். பெரும்பாலும் இரண்டாவது 33-இன் நடுவில் கண் சொருகிவிடுகிறது.