டின்னைத் திறந்தால் காடி வாடை: பழைய படச்சுருளைக் காப்பாற்றும் வழி

1946இல் தொடங்கிய அரசாங்கப் படப்பிரிவான மலாயன் ஃபிலிம் யூனிட்டின் கேமரா கண்டது நம் மலேசிய நாட்டு நினைவில் ஒரு பகுதிதான். பினாங்குத் தைப்பூசத்தில் வெள்ளி ரதம் வந்த தெரு, லயத்து வீட்டுக் கல்யாணம், தமிழ்ப்பள்ளி விளையாட்டு விழா, இவையெல்லாம் யாரோ ஒருவர் வீட்டு அலமாரியில் 8 அல்லது 16 மில்லிமீட்டர் சுருளாகக் கிடக்கின்றன. இந்த ஊர்ப் புழுக்கத்தில் அவற்றுக்கு ஆயுள் குறைவு.

கிடைத்ததும் புரொஜெக்டரில் மாட்டி ஓட்டிப் பார்க்க வேண்டாம். சுருங்கிய ஃபிலிமின் துளைகளில் பல்சக்கரம் சரியாக உட்காராது, கிழித்துவிடும். 16 மில்லிமீட்டரில் 100 ஃபிரேம் சுமார் 76 செண்டிமீட்டர் நீளம் இருக்க வேண்டும். அதில் 7, 8 மில்லிமீட்டர் குறைந்தாலே 1 விழுக்காடு சுருங்கிவிட்டது என்று பொருள். அதை ஓட்டவே கூடாது.

ஜன்னலைத் திறந்து வைத்துக்கொண்டு டின்னைத் திறங்கள். காடி வாடை வந்தால் ஃபிலிமின் அடித்தளமான அசிட்டேட் பிளாஸ்டிக் சிதையத் தொடங்கிவிட்டது. வெளியேறும் அமிலமே சிதைவை மேலும் விரட்டும், பக்கத்துச் சுருளையும் கெடுக்கும். ஆகவே அதை உடனே தனியாகப் பிரித்து வையுங்கள். ஏ-டி ஸ்ட்ரிப் என்ற சோதனைத்தாளை டின்னுக்குள் 24 மணி நேரம் மூடி வைத்தால் நிலைமை தெரியும்: நீலம் நலம், பச்சை எச்சரிக்கை, மஞ்சள் என்றால் ஸ்கேன் வரிசையில் அதுதான் முதலில். 1950களின் தொடக்கத்துக்கு முந்திய 35 மில்லிமீட்டர் சுருள், எளிதில் தீப்பிடிக்கும் நைட்ரேட் ஃபிலிமாக இருக்கலாம். அது தீப்பற்றினால் அணைக்க முடியாது. வீட்டில் வைத்துக்கொள்ளாமல் கோலாலம்பூர் தேசிய ஆவணக் காப்பகத்திடம் பேசுங்கள்.

பூஞ்சணம் பிடித்திருந்தால் ஈரத்துணி படவே கூடாது. படத்தைத் தாங்கும் ஜெலட்டின் படலம் பூஞ்சணம் தின்றபின் தண்ணீரில் கரையும், துடைத்தால் படமே துணியோடு வந்துவிடும். முகக்கவசம் போட்டு, நன்றாகக் காய்ந்த பிறகு மென்துணியால் மெல்லத் தட்டி எடுங்கள்.

துருப்பிடித்த தகர டின்னை மாற்றி, காற்றுத் துளையுள்ள பாலிபுரோப்பிலீன் பிளாஸ்டிக் பெட்டிக்கு வாருங்கள். உள்ளே கிடக்கும் காகிதம் ஈரத்தைப் பிடித்து வைக்கும். எழுதியிருப்பதைப் படம் எடுத்துவிட்டு வெளியே வையுங்கள். பினாங்கில் காற்றின் ஈரப்பதம் பெரும்பாலும் 80 விழுக்காட்டை ஒட்டியே நிற்கிறது, ஃபிலிமுக்கு வேண்டியதோ 30 முதல் 50. பகலில் மட்டும் ஏர்கோன் போட்டு இரவில் அணைப்பது இன்னும் கெடுதல். ஈரநீக்கி ஓடும் அறையில் இரண்டு மூன்று வாரம் வைத்து, ஜிப் பைகள் இரண்டில் ஒன்றுக்குள் ஒன்றாக அடைத்து, ஈரங்காட்டி அட்டையோடு பனி கட்டாத ஃபிரீசரில் வைத்தால் சிதைவு வெகுவாக மட்டுப்படும். வெளியே எடுத்தால் ஒருநாள் முழுக்கப் பையைப் பிரிக்காதீர்கள். அவசரப்பட்டால் ஃபிலிம் மேலேயே நீர் கோத்துக்கொள்ளும்.

ஸ்கேன் செய்யக் கொடுக்கும்போது பல்சக்கரம் இல்லாத இயந்திரமா என்று கேளுங்கள். சுவரில் ஓட்டிக் கைபேசியில் எடுப்பது நகலே அல்ல. 8 மில்லிமீட்டருக்கு 2கே, அதாவது படத்தின் அகலத்தில் சுமார் 2,000 புள்ளி, போதும். ஒவ்வொரு ஃபிரேமும் தனித்தனியே பதிவாக வேண்டும். மூலக்கோப்பை, படத்தின் தரத்தைக் காக்கும் கோப்பு வகைகளான எஃப்எஃப்வி1 அல்லது புரோரெஸில் வாங்கி, மூன்று பிரதி வையுங்கள், அதில் ஒன்று வேறு ஊரில். அசலைத் தூக்கி எறியாதீர்கள். நாளைய இயந்திரம் இதைவிட நன்றாக எடுக்கும்.

பிறகு பாட்டியை உட்கார வைத்துப் போட்டுக் காட்டுங்கள். யார், எந்தத் தோட்டம், எந்த வருஷம் என்று அவர் சொல்லச் சொல்லக் குரலையே பதிவு செய்து, கோப்பின் பெயரோடு சேர்த்து வையுங்கள். ஃபிரீசர் வாங்கும்வரை இதைத் தள்ளிப்போடாதீர்கள்.