டிக்ரி கையில், கடை டெனன்ட் கையில்: பெங்களூரு ஓனர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கடைக்குப் பூட்டுப் போடாதீர்கள், பெஸ்காம் லைனைப் பிடுங்காதீர்கள் என்பதெல்லாம் எல்லோரும் சொல்வது. அதை மீறினால் டெனன்ட் ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டு, கடை யாருடையது என்ற கேள்வியே எழாமல் உள்ளே வந்து உட்கார்ந்துவிடலாம். அது போகட்டும். முறையாக நோட்டீஸ் விட்டு, வழக்கும் ஜெயித்து, காலி செய்யச் சொல்லும் கோர்ட் ஆணையான டிக்ரியும் வாங்கி, அதற்குப் பிறகு கோட்டை விடுகிறவர்களுக்காக இது. அல்சூர், சிவாஜிநகர், ஸ்ரீராமபுரம் பக்கம் அப்பா கட்டிய கட்டடத்தில் நாலு கடையை வாடகைக்கு விட்டிருக்கும் குடும்பங்கள் இதில் திரும்பத் திரும்ப மாட்டுகின்றன.

டேப் பிடிக்காமல் நோட்டீஸ் விடுவது

கடையின் பிளின்த் ஏரியா (சுவரையும் சேர்த்த தரைப்பரப்பு) 14 சதுர மீட்டரைத் தாண்டினால், அதாவது சுமார் 150 சதுர அடிக்கு மேல் என்றால், 1999-ம் ஆண்டு கர்நாடக வாடகைச் சட்டம் பொருந்தாது. மாத வாடகைக் கடைக்குச் சொத்து மாற்றுச் சட்டம் 106-ம் பிரிவில் 15 நாள் நோட்டீஸ் போதும். காரணம் நிரூபிக்க வேண்டியதில்லை. உற்பத்திக்கு விட்ட இடமென்றால் ஆறு மாதம். 14-க்குள் இருந்து வாடகைச் சட்டம் பொருந்தினால், அது சொல்லும் காரணங்களில் ஒன்றைக் காட்டியே ஆக வேண்டும். அளக்காமல் போட்ட வழக்கு, தவறான சட்டத்தில் நிற்கும்.

பாக்கியை மட்டும் நம்புவது

வாடகை பாக்கிக்காகக் குத்தகையை ரத்து செய்து வழக்குப் போட்டால், விசாரணையின்போது பாக்கி, வட்டி, செலவு எல்லாவற்றையும் கட்டிவிட்டு, ரத்து வேண்டாம் என்று டெனன்ட் நிவாரணம் கேட்கலாம். சொத்து மாற்றுச் சட்டத்தின் 114-ம் பிரிவு அதற்கு இடம் தருகிறது. காலம் முடிந்த அக்ரிமென்ட் என்றால் 106 நோட்டீஸையும் கூடவே விடுங்கள்.

பழைய ஷெட்யூலைக் காப்பி அடிப்பது

எரிச்சல் இன்னும் அடங்காத தவறு இதுதான். பிராதின் (வழக்கு மனுவின்) கடைசிப் பக்கத்தில் வரும் சொத்து விவரத்தை, அதாவது ஷெட்யூலை, யாரும் படிப்பதில்லை. இருபது வருடத்துக்கு முந்தைய அக்ரிமென்டிலிருந்து ஜூனியர் வக்கீல் எடுத்து ஒட்டிவிடுவார்: “தரைத்தளம், கடை நம்பர் 3, கிழக்கே பொதுப்பாதை, தெற்கே மாடிப்படி, வடக்கே தையல் கடை.”

இதற்குள் தையல் கடை போய்விட்டது. 3-க்கும் 4-க்கும் நடுவில் இருந்த சுவரை டெனன்ட் இடித்துவிட்டார். பொதுப்பாதைக்குத் தகரம் போட்டுக் குடோன் ஆக்கிவிட்டார். உள்ளே ஒரு அட்டாலி, மாடிப்படிக்கு அடியில் ஜெனரேட்டர். இது எதுவும் டிக்ரியில் இல்லை. வாரண்டோடு கோர்ட் ஊழியரான அமீனா வருகிறார். கல்லாவில் இருக்கும் டெனன்டின் மச்சான் நிதானமாகச் சொல்கிறார்: “இது 4-ம் நம்பர் கடைங்க, நான் தனியா இருக்கேன்.” அமீனா நடந்ததை மகஜராக எழுதிக்கொண்டு திரும்பிப் போய்விடுவார். அவருக்கு வேறு வழியும் இல்லை. வாரண்டில் இருக்கும் இடத்தைத்தான் அவர் எடுத்துத் தர முடியும்.

அப்புறம் சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 21, ரூல் 97-ல், தடுப்பவருக்கு உரிமை உண்டா என்று தடை மனு விசாரணை. சாட்சி, ஆவணம், அதன் மேல் அப்பீல் என்று இன்னொரு வழக்கே நடக்கும். அதே சட்டத்தின் 152-ம் பிரிவில் டிக்ரியைத் திருத்தலாமே என்பார்கள். அது எழுத்துப்பிழை, கணக்குப்பிழைக்குத்தான், இல்லாத குடோனை டிக்ரிக்குள் கொண்டு வராது.

நோட்டீஸுக்கு முன்பே ஒரு சர்வேயரை வைத்து அளந்து வரைபடம் போடுங்கள். மாநகராட்சிச் சொத்துப் பதிவான காதாவின் நம்பர், சொத்து அடையாள எண்ணான பிஐடி நம்பர், இன்றைய நான்கு எல்லை, அடிக்கணக்கு, அட்டாலி, பாதை, போர்டு மாட்டிய இடம் எல்லாம் அதில் வரட்டும். வரைபடத்தைப் பிராதோடு இணையுங்கள். அன்றைய தேதியோடு உள்ளும் புறமும் போட்டோ எடுங்கள்: வழக்குப் போட்ட பிறகு டெனன்ட் உள்ளே விட்ட ஆளுக்கு ரூல் 97 கைகொடுக்காது, ரூல் 102 தடுக்கும். அவர் எப்போது வந்தார் என்பதை அந்தப் போட்டோ சொல்லும். நடுவில் டெனன்ட் சுவரை இடித்தால், விசாரணை தொடங்கும் முன்பே பிராதைத் திருத்துங்கள். தகராறு என்றால், இடத்தைப் பார்த்து அறிக்கை தர கோர்ட் கமிஷனர் கேளுங்கள்.

மச்சானின் யுபிஐ

வாடகை யார் கணக்கிலிருந்து வருகிறது என்று பாருங்கள். உள்வாடகைக்காரர் நேராக அனுப்பியதை மறுப்பில்லாமல் வாங்கியிருந்தால், “நான் ஓனரின் நேரடி டெனன்ட்” என்று அதையே நீட்டுவார். நோட்டீஸுக்குப் பின் வரும் பணத்தை வாங்கியதாலேயே நோட்டீஸ் செத்துவிடாது. ஆனால் உரிமைக்குப் பங்கமின்றி, இருக்கும் காலத்துக்கான நஷ்டஈடாகவே ஏற்கிறோம் என்று உடனே எழுதி அனுப்புங்கள்.

கேவியட்

எங்களைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்று கோர்ட்டில் முன்கூட்டியே தரும் இந்த மனுவுக்கு ஆயுள் 90 நாள்தான். புதுப்பியுங்கள்.

ஸ்டேயை வெறுங்கையோடு எதிர்ப்பது

டெனன்ட் அப்பீல் போய் ஸ்டே கேட்கும்போது, இன்றைய மார்க்கெட் வாடகையைக் கட்டச் சொல்லி நீங்கள் நிபந்தனை கேட்கலாம். ஆத்மா ராம் பிராப்பர்ட்டீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2004-லேயே அதைச் சொல்லிவிட்டது. வாயால் சொன்னால் பலிக்காது. அதே தெருவில் சமீபத்தில் பதிவான இரண்டு மூன்று குத்தகைப் பத்திரங்களின் நகலைச் சப்-ரிஜிஸ்ட்ரார் ஆபீஸில் முன்கூட்டியே வாங்கி, சதுர அடிக்கு இவ்வளவு என்று கணக்குப் போட்டுத் தாக்கல் செய்யுங்கள். பழைய 8,000 ரூபாயில் உட்கார்ந்திருப்பவர் மாதம் 45,000 கட்ட வேண்டி வந்தால், சமரசத்துக்கு அவரே போன் செய்வார்.