பழைய க்ரைம் படம்: டப்பிங்ல பாக்கலாமா, ஒரிஜினல்லயா?

எங்க காரைக்குடிப் பக்கத்து ஆளுக டப்பிங்க மட்டமா பேசக்கூடாது, 1944-லயே கன்னட ஹரிச்சந்திராவ தமிழ்ல டப் பண்ணி ஓட்டிக் காட்டுனவரு நம்மூரு ஏவி மெய்யப்ப செட்டியார்தான். ஆனா க்ரைம் படம்னா முதல் தடவ ஒரிஜினல் ஆடியோலதான் பாக்கணும், ஏன்னா துப்பே பாதி காதுலதான் இருக்கும்.

1931-ல வந்த ஜெர்மன் படம் 'எம்' எடுத்துக்குங்க. கொலைகாரன் மொகத்த சரியா காட்டுறதுக்கு முன்னாடியே அவன் விசில் கேட்டுரும், அத மனசுல வச்சுக்குங்க, படத்துல பின்னாடி வேணும். டப் பண்றப்ப பேச்சுக்கு தனி ட்ராக் இருந்தா அத மட்டும் மாத்திரலாம், ரொம்பப் பழைய படத்துல பேச்சு காலடி கதவுச் சத்தம் எல்லாம் ஒண்ணாக் கலந்து கெடக்கும், பேச்ச எடுத்தா மத்ததும் போயிரும், அப்பறம் எல்லாத்தயும் புதுசா சேக்கணும். அங்கதான் அடி வாங்குது.

காட்ஃபாதர்ல (1972) மைக்கேல் ஹோட்டல்ல ஒக்காந்து பேசுற சீன்ல இத்தாலியப் பேச்சுக்கு சப்டைட்டில் வராது. ரிமோட்ட நோண்டாதீங்க, வேணும்னேதான் விட்டுருக்காங்க, அவன் கண்ணப் பாருங்க போதும். பழைய இத்தாலியப் படங்கள்ல மட்டும் உதடு ஒட்டலைன்னு கவலப்படாதீங்க, அங்க ஒரிஜினலுக்கே பெரும்பாலும் ஸ்டூடியோல பின்னாடிதான் குரல் குடுத்தாங்க.

சப்டைட்டில் எழுத்த மஞ்சளா மாத்தி பின்னாடி கறுப்புப் பட்டை வச்சுக்குங்க, கறுப்பு வெள்ளைப் படத்துல வெள்ளை எழுத்து வெள்ளைச் சட்டை மேல விழுந்தா ஒண்ணும் தெரியாது. பெரிய வீட்டு ஹால்ல டிவி வைக்காதீங்க, ஆத்தங்குடிக் கல்லுத் தரையும் ஒசந்த கூரையும் சேந்து வசனமெல்லாம் எதிரொலிக்கும், சின்ன ரூம்தான் சரி.

படிக்க முடியாத பெரியவுக கூட இருந்தா 'ரிஃபிஃபி' (1955) போடுங்க. பிரெஞ்சுப் படம், நடுவுல கிட்டத்தட்ட அரைமணி நேரம் திருட்டு நடக்கும், ஒரு வசனம் கெடயாது மியூசிக்கும் கெடயாது. எங்க அப்பத்தா அந்த நேரம் பூரா வாயில போட்ட சீப்புச்சீடைய கடிக்காம ஊற வச்சுக்கிட்டே இருந்தாக, கடிச்சா சத்தம் கேட்டு மாட்டிக்குவாய்ங்கன்னு. மத்த எடத்துக்கெல்லாம் நான் நிறுத்தி நிறுத்தி வாசிச்சுச் சொன்னேன்.

கதை தெரிஞ்சதுக்கு அப்பறம் டப்பிங்ல இன்னொரு தடவ பாருங்க. கீழ படிக்கிற வேல இல்லாததால, பேசாம ஓரமா நிக்கிறவன் மூஞ்சி அப்பத்தான் கண்ல படும்.