மூக்கு கான்டூர் சாம்பலாகத் தெரிந்தால்

மாநிறத்திலும் கறுப்புச் சருமத்திலும் மூக்கு கான்டூர் (மூக்கை ஒடுக்கிக் காட்ட நிழல் போலப் பூசும் அடர்நிற மேக்கப்) சாம்பல் பூசியது போலத் தெரிந்தால், முதலில் நிறத்தைப் பாருங்கள். வெளிர்நிறத்தாருக்கான சாம்பல்-பழுப்புத் தூள் நம் தோலில் நிழலாக விழாது, திட்டாகத்தான் நிற்கும். எனக்குச் சரிவந்தது, ஃபவுண்டேஷனைவிட இரண்டு ஷேட் அடர்ந்த, லேசாகச் சிவப்போடிய, மினுக்கில்லாத (மேட்) பழுப்பு க்ரீம். மினுக்குள்ள பிரான்சர் (வெயில் பட்ட நிறம் தரும் பழுப்புத் தூள்) வேண்டாம். அதிலுள்ள மினுக்கு ஒளியைத் திருப்பி அடிக்கும். நிழல் எங்காவது மின்னுமா?

புருவத்தின் உள்முனையிலிருந்து மூக்கின் இருபுறமும் மெல்லிய பிரஷ்ஷால் 2, 3 மி.மீ. அகலத்தில் கோடு இழுக்க வேண்டும். இரண்டு கோட்டுக்கும் நடுவே 7 அல்லது 8 மி.மீ. விடுங்கள். 5 மி.மீ.க்குக் கீழே போனால் மூக்கு ஒடுங்காது, கோடு மட்டும் தெரியும். நீளமான மூக்கைக் குட்டையாகக் காட்ட நுனிக்கு அடியில் ஒரு சிறு தீற்றல் போதும்.

கலப்பதில்தான் பலருக்குக் கெடுகிறது. பிரஷ்ஷைக் கன்னப் பக்கமாக மட்டும் கலைக்க வேண்டும். நடுவை நோக்கித் தேய்த்தால் விட்ட இடைவெளி அடைந்துவிடும். நடுவில் ஒரு ஷேட் வெளிர்ந்த கன்சீலர் (கறை மறைக்கும் க்ரீம்), மெல்லிய கோடாக. பவுடர் எப்போதும் கடைசி. பவுடர் மேல் க்ரீம் போட்டால் திரிதிரியாகப் பிரியும்.

சிலிக்கா பவுடர் அதிகமானால் ஃபிளாஷில் வெள்ளையடிக்கும். மண்டபத்துக்குக் கிளம்பும் முன் செல்போனில் ஃபிளாஷ் போட்டு ஒரு படம் எடுத்துப் பாருங்கள்.