வில்லனை மியூட்டில் பாருங்கள்: கெர்ட் ஃப்ரோபேயைப் படிக்க ஒரு வழி

கிருஷ்ணகிரிப் பக்கம் பாரதக் கூத்து பார்த்து வளர்ந்தவர்களுக்குத் தெரியும், விடிய விடிய மிரட்டிய துரியோதனன் காலையில் காதோரம் அரிதாரம் போகாமல் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து பன் தின்றுகொண்டிருப்பார். அந்த ஆச்சரியம் பிடிக்கும் என்றால் ஜெர்மன் குணச்சித்திர நடிகர் கெர்ட் ஃப்ரோபேயும் பிடிப்பார்.

எல்லோரும் அவர் வில்லனாக நடித்து 1964-இல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படம் 'கோல்ட்ஃபிங்கர்' வழியாகத்தான் நுழைவார்கள், நீங்கள் அதை ஒத்திவையுங்கள். ஏனென்றால் அந்த ஆங்கிலக் குரல் அவருடையதே இல்லை, மைக்கேல் காலின்ஸ் என்பவர் டப்பிங் பேசியது. ஜெர்மன் டப்பிங்கில் ஃப்ரோபே தானே பேசினார், கிடைத்தால் அதைப் பாருங்கள்.

முதலில் 1948-க்குப் போங்கள். 'பெர்லினர் பல்லாடே'. போர் முடிந்து இடிந்த பெர்லினுக்குத் திரும்பும் சிப்பாய், பெயர் ஓட்டோ நார்மால்ஃபெர்பிராவ்கர். ஆள் ஒட்டடைக்குச்சி மாதிரி இருப்பார், இவரா பின்னாளில் 'கோல்ட்ஃபிங்கர்' தொப்பைக்காரர் என்று நம்ப முடியாது. நாம் குப்பன் சுப்பன் என்கிறோமே, ஜெர்மன்காரர்கள் அதற்கு இன்றும் இந்த ஓட்டோவைத்தான் சொல்கிறார்கள்.

அடுத்தது 1958, 'எஸ் கெஷா அம் ஹெல்லிஹ்டன் டாக்'. இங்கேதான் நிறைய நேரம் செலவழிக்க வேண்டும். குழந்தைகளைக் கொல்பவன் வேடம். வீட்டில் பொண்டாட்டி அதட்டினால் தலை குனிந்துகொள்கிறவன், காட்டில் ஒரு சிறுமிக்குக் கைப்பொம்மை ஆட்டிக்காட்டி சாக்லேட் கொடுக்கிறான். முதல் தடவை கதைக்காகப் பாருங்கள், சரி. இரண்டாம் தடவை சத்தத்தை நிறுத்திவிட்டு அந்தக் கைகளை மட்டும் கவனியுங்கள். சினிமாவுக்கு வருமுன் வயலின் வாசித்தவர், டிரெஸ்டனில் மேடைத் திரைச்சீலை தீட்டக் கற்றவர். விரல் ஒவ்வொன்றும் தனியாக நடிக்கும். பாண்ட் பட ஆட்கள் அவரைத் தேடி வந்ததே இந்தப் படத்தைப் பார்த்துத்தான்.

அப்புறம் காமெடிப் பக்கம், 1968-இல் 'சிட்டி சிட்டி பேங் பேங்', 1974-இல் திருடன் ஹோட்ஸன்பிளாட்ஸ். இரண்டும் பிள்ளைகளுக்கான படங்கள், அந்தக் கொலைகாரனேதான் இங்கே சிரிக்க வைக்கிறார்.

அவர் நாஜிக் கட்சியில் இருந்ததையும் தாண்டிப் போகாதீர்கள். அது தெரியவந்ததும் இஸ்ரேலில் அவர் படங்களைத் தடை செய்தார்கள், போர்க்காலத்தில் தன்னையும் தன் தாயையும் அவர்தான் ஒளித்து வைத்துக் காப்பாற்றினார் என்று ஒரு யூதர் சொன்ன பிறகு தடை நீங்கியது.

தனியாகப் பார்க்காமல் கதை தெரியாத ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டால் இன்னும் நல்லது. தர்மபுரியில் எங்கள் வீட்டில் அந்தப் பொம்மைக் காட்சி மியூட்டில் ஓடியபோது, புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருந்த அப்பத்தா நிமிர்ந்து பார்த்துவிட்டு, "அந்தப் புள்ளைய அவன்கிட்ட போவ வேணாம்னு சொல்லுடா" என்றது.