ஒப்புக்கொண்டால் வழக்கு முடிந்ததா? விசாரணைக் காட்சிகளில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன மாதம் உதவி இயக்குநர்கள் நால்வர் தங்கள் முதல் திரைக்கதையைப் படிக்கக் கொடுத்தார்கள். நான்கும் குற்றக் கதைகள். நான்கிலும் ஒரு விசாரணை அறை இருந்தது. நான்கிலும் குற்றவாளி உடைந்து அழுது எல்லாவற்றையும் கொட்டுகிறான், ஆய்வாளர் கோப்பை மூடிவிட்டு வெளியே வருகிறார், மழை பெய்கிறது. படிக்கப் படிக்க எரிச்சல் ஏறியது. அதில் பாதி எரிச்சல் என்மீதே. பதினைந்து ஆண்டுகளுக்கு முன் நான் எழுதியதும் அச்சு அசலாக இதே காட்சிதான், மழை உட்பட.

தலைக்குமேல் ஆடும் ஒற்றை பல்பு, மேஜையில் ஓங்கிக் குத்துவது, மயங்கியவன் முகத்தில் தண்ணீர் ஊற்றுவது ஆகியவற்றைப் பார்வையாளர்களே கேலி செய்யத் தொடங்கிவிட்டார்கள். அவற்றை விட்டுவிடுகிறேன்.

"மௌனமாக இருக்க உங்களுக்கு உரிமை உண்டு"

இது அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1966-இல் மிராண்டா வழக்கில் வகுத்த எச்சரிக்கை. நம் ஆய்வாளர் யாரும் இதை ஒப்பிப்பதில்லை. தனக்கு எதிராகத் தானே சாட்சி சொல்லும்படி குற்றம் சாட்டப்பட்டவரைக் கட்டாயப்படுத்தக் கூடாது என்று நம் அரசியலமைப்பின் 20(3) பிரிவும் சொல்கிறது. உரிமை இங்கும் உண்டு, ஒப்பிக்கும் சடங்குதான் இல்லை. அதனால் இங்கே இரண்டு வகை மௌனம் எழுதலாம்: உரிமை தெரிந்து வாயை மூடிக்கொண்டிருப்பவனுடையது ஒன்று, பயத்தில் நா எழாதவனுடையது இன்னொன்று. டப்பிங் படத்திலிருந்து எடுத்த வசனம் இரண்டையும் கெடுத்துவிடும்.

ஒருபக்கக் கண்ணாடி

விசாரிக்கப்படுகிறவனுக்குத் தெரியாமல் பக்கத்து அறையிலிருந்து பார்க்கும் அந்தக் கண்ணாடியை எந்தக் காவல் நிலையத்தில் பார்த்தீர்கள்?

ஒப்புக்கொண்டான், வழக்கு முடிந்தது

இதைச் சொல்லத்தான் உட்கார்ந்தேன்.

நான் எழுதிய இரண்டாவது படத்தில் விசாரணைக் காட்சி ஒன்பது பக்கம். இரண்டு இரவுகள் எடுத்தோம். நடிகர் ஒரே ஷாட்டில் அழுது முடித்ததும் லைட்மேன்கள்கூடக் கைதட்டினார்கள். இரண்டாம் பாதியில் அரசு வழக்கறிஞர் அந்த வாக்குமூல வீடியோவை நீதிமன்றத்தில் போட்டுக் காட்டுவார், எதிர்த்தரப்பு தலைகுனியும், தண்டனை. நீதிமன்றக் காட்சிகளை எடுப்பதற்கு முன், சம்பிரதாயத்துக்காக, ஓய்வுபெற்ற அரசு வழக்கறிஞர் ஒருவரிடம் கதையைச் சொன்னேன். முழுவதும் பொறுமையாகக் கேட்டார். பிறகு, "காட்சி நன்றாக இருக்கிறது தம்பி. இவனை எப்போது விடுதலை செய்கிறீர்கள்?" என்றார்.

காவல் அதிகாரியிடம் செய்த ஒப்புதலைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு எதிராக நிரூபிக்க முடியாது. 1872-ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டத்தில் இது 25-ஆவது பிரிவு. அதற்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய சாட்சிய அதினியத்தில் 23-ஆவது பிரிவு. எண் மாறியது, விதி மாறவில்லை. தாளில் எழுதினாலும் வீடியோவில் பிடித்தாலும் இதே கதிதான். அடித்து வாங்கியிருக்கலாம் என்ற சந்தேகம் ஆங்கிலேய அரசுக்குத் தன் போலீஸ்மீதே இருந்தது.

பதினான்கு பக்க நீதிமன்றக் காட்சி குப்பைக்குப் போனது. விசாரணைக் காட்சியை மறுபடி எடுக்க வேண்டும். நடிகரோ அடுத்த படத்துக்காகத் தாடியை மழித்திருந்தார். அது வளரும்வரை மொத்தப் படக்குழுவும் காத்திருந்தது. தயாரிப்பாளர் இன்றும் என்னைப் பார்த்தால் தன் தாடையைத் தடவிக் காட்டுவார்.

அப்படியானால் போலீஸ் ஏன் மணிக்கணக்கில் விசாரிக்கிறது? இந்தக் கேள்வியை நான் முதலிலேயே கேட்டிருந்தால் அந்தத் தாடி தப்பியிருக்கும். பழைய சட்டத்தின் 27-ஆவது பிரிவில் ஒரு சிறு கதவு திறந்திருந்தது. புதிய சட்டத்திலும் அதை 23-ஆவது பிரிவுக்குள் வைத்திருக்கிறார்கள். காவலில் இருப்பவன் சொன்ன தகவலால் ஒன்று கண்டுபிடிக்கப்பட்டால், அந்தக் கண்டுபிடிப்போடு நேரடியாகத் தொடர்புடைய சொற்கள் மட்டும் சாட்சியமாகும். புலுக்குரி கோட்டையா வழக்கில், ஆங்கிலேயர் காலத்தின் இறுதி மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில் இதற்கு ஓர் உதாரணம் சொன்னது. "என் வீட்டுக் கூரையில் மறைத்துவைத்த கத்தியை எடுத்துத் தருகிறேன்" என்றால் அது செல்லும். கூடவே "அவனைக் குத்திய கத்தி" என்று சேர்த்தால் அந்தச் சொற்கள் செல்லாது. ஒரே மூச்சில் வந்த வாக்கியத்தைச் சட்டம் கத்தரித்து, பாதியை நீதிபதிக்கும் பாதியைக் காற்றுக்கும் கொடுக்கிறது.

வசனம் எழுதுகிறவனுக்கு இதைவிடப் பெரிய பரிசு கிடைக்குமா? "ஏன் கொன்றாய்?" என்பது பார்வையாளரின் கேள்வி. ஆய்வாளரின் கேள்வி "எங்கே வைத்திருக்கிறாய்?" எதிரில் ஒருவன் தன் வாழ்க்கையையே சொல்லி அழுதுகொண்டிருக்கும்போது, அவருடைய காது ஓர் இடத்தின் பெயருக்காக மட்டும் காத்திருக்கும். சட்டம் தெரிந்த குற்றவாளியாக இருந்தால் இன்னும் நல்லது. கொலையைச் சிரித்துக்கொண்டே விவரிப்பான், கத்தி இருக்கும் இடத்தை மட்டும் சொல்லமாட்டான். எல்லாம் கேட்டுவிட்ட ஆய்வாளரின் கையில் ஒன்றும் இருக்காது.

இடத்தைச் சொல்லிவிட்டால் காட்சி அறையை விட்டு வெளியே போகிறது. கிராம நிர்வாக அலுவலரைச் சாட்சிக்கு அழைக்கிறார்கள். விடியற்காலையில் ஜீப் கிணற்றடிக்குப் போகிறது. எதை எங்கே கைப்பற்றினோம் என்ற பதிவை, அதாவது மகஜரை, டார்ச் வெளிச்சத்தில் எழுதுகிறார்கள். அதே சாட்சி பின்னாளில் கூண்டில் ஏறி, "வெற்றுத்தாளில்தான் கையெழுத்துப் போட்டேன்" என்று பிறழலாம். கத்தி இருக்கும் இடம் போலீசுக்கு ஏற்கெனவே தெரிந்திருந்தால் அது கண்டுபிடிப்பே இல்லை என்று எதிர்த்தரப்பு வாதாடும். இத்தனை முடிச்சுகளையும் விட்டுவிட்டு, அழுகையோடு காட்சியை முடிப்பவர்களைப் பார்த்தால் எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது. மறுபடி எடுத்தபோது என் ஒன்பது பக்கம் மூன்றானது. கடைசி வசனம் "கிணறு" என்ற ஒரு சொல்.

"தடாவில் போலீஸிடம் கொடுத்த ஒப்புதல் செல்லுமே?" என்று நால்வரில் ஒருவர் மடக்கினார். செல்லும், எஸ்.பி. நிலைக்குக் குறையாத அதிகாரி பதிவு செய்திருந்தால். அந்தப் பயங்கரவாதத் தடுப்புச் சட்டம் 1995-இல் காலாவதியாகிவிட்டது, அவருடைய கதையோ இன்றைய மதுரையில் நடக்கும் நகைக்கொலை.

ஒப்புதல்தான் வேண்டும் என்றால் மாஜிஸ்திரேட்டிடம் போங்கள். ஒப்புக்கொள்ள வேண்டிய கட்டாயம் இல்லை, ஒப்புக்கொண்டால் அது உனக்கு எதிராகவே பயன்படும் என்று முதலில் எச்சரிக்க வேண்டியவர் அவர். விருப்பமில்லை என்று அங்கே சொல்லிவிட்டால் அவனைத் திரும்பப் போலீஸ் காவலுக்கு அனுப்ப முடியாது. சீருடை இல்லாத அறை, தாழ்ந்த குரலில் கேள்விகள், முந்தைய இரவு வரை தலையாட்டியவன் இப்போது என்ன சொல்வான் என்று வெளியே தவிக்கும் ஆய்வாளர். என்னிடம் வந்த ஒரு ஸ்கிரிப்டிலும் இந்தக் காட்சி இருந்ததில்லை.

கடிகாரம்

கைது செய்த 24 மணி நேரத்துக்குள், பயண நேரம் நீங்கலாக, மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். புதியவர்களின் குற்றவாளி மூன்று நாள் அதே நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறான், எந்தப் பாத்திரத்துக்கும் அதில் உறுத்தல் இல்லை. சட்டவிரோதக் காவல் என்று தெரிந்தே எழுதினால் பரவாயில்லை. அப்போது வீட்டிலிருந்து இழுத்துவந்த நேரத்துக்கும் பதிவேட்டில் எழுதிய கைது நேரத்துக்கும் உள்ள இடைவெளியை நிலையத்தில் பதிவேடுகளை எழுதும் காவலரான ரைட்டர் அறிந்திருப்பார். அவரைப் பேசவிடுங்கள்.

கேமரா

காவல் நிலையங்களில் ஒலியோடு பதிவாகும் கண்காணிப்புக் கேமராக்கள் வேண்டும் என்று 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. உங்கள் கதை அதற்குப் பிறகு நடந்தால் கேமரா ஓடுகிறதா, ஓடாவிட்டால் ஏன் ஓடவில்லை என்று யாராவது கேட்டாக வேண்டும்.

உண்மை கண்டறியும் ஊசி

சம்மதமில்லாமல் போட முடியாது. 2010, செல்வி வழக்கு.

லத்தி

அடிபடுகிறவன் அடி நிற்பதற்குத் தேவையானதைச் சொல்வான். அது உண்மையாகவும் இருக்கலாம், பக்கத்து வீட்டுக்காரன் பெயராகவும் இருக்கலாம். 2020 ஜூனில் சாத்தான்குளம் காவல் நிலையத்தில் அடிக்கப்பட்ட தந்தையும் மகனும் அடுத்தடுத்து இறந்தார்கள். அதற்குப் பிறகும் கைதட்டலுக்காக நாயகன் லத்தியை எடுக்கும் பக்கம் வந்தால், அதற்குமேல் படிக்காமல் திருப்பிக் கொடுத்துவிடுகிறேன்.

நிலையத்துக்கு அழைக்கப்படும் பெண்

பெண் சாட்சியை நிலையத்துக்கு வரவேண்டும் என்று கட்டாயப்படுத்த முடியாது. அவர் வசிக்கும் இடத்துக்குப் போலீஸ்தான் போக வேண்டும். விதியைவிட இதில் எனக்குப் பிடித்தது காட்சி: கூடத்தில் ஆய்வாளர், சமையலறைக் கதவருகே காதைத் தீட்டிக்கொண்டு மாமியார், அந்தப் பெண் எந்தப் பதிலை எவ்வளவு சத்தமாகச் சொல்வாள் என்பது. இரும்பு மேஜைக்கு எதிரே அவளை உட்காரவைத்தால் இது அத்தனையும் போய்விடும்.

நால்வரில் ஒருவர் நேற்று திருத்திய பிரதியை அனுப்பியிருக்கிறார். குற்றவாளி இப்போது அழுவதில்லை. பதினோராம் பக்கத்தில் கிராம நிர்வாக அலுவலர், தூக்கம் கலையாத முகத்தோடு, ஜீப்பில் ஏறுகிறார். ஒருபக்கக் கண்ணாடி மட்டும் அப்படியே இருக்கிறது.