தோள் மூட்டில் லூஸ் பாடி: எம்24.01- எப்போது பொருந்தும், எப்போது பொருந்தாது

தோள் மூட்டுக்குள் எலும்பு அல்லது குருத்தெலும்புத் துணுக்கு எதிலும் ஒட்டாமல் கிடந்தால் ரிப்போர்ட்டில் அதை லூஸ் பாடி என்பார்கள். அமெரிக்கக் காப்பீட்டு க்ளெய்ம்களில் நோயைக் குறிக்கும் ஐசிடி-10-சிஎம் (ICD-10-CM) பட்டியலில் இதற்கு இருப்பவை மூன்றே கோடுகள் (code). வலது தோள் என்றால் எம்24.011, இடது என்றால் எம்24.012, பக்கம் சொல்லப்படவில்லை என்றால் எம்24.019. கோடைக் கண்டுபிடிக்க ஒரு நிமிடம் போதும். க்ளெய்ம் திரும்பி வருவதெல்லாம் பெரும்பாலும் ரிப்போர்ட்டை அவசரமாக வாசித்ததால்தான்.

ஐசிடியின் அகர வரிசைப் பகுதியான இண்டெக்ஸில் 'லூஸ், பாடி, ஜாயின்ட்' என்ற வரிசையில் தேடுங்கள். டாக்டர் 'ஜாயின்ட் மைஸ்' என்றோ 'ரைஸ் பாடீஸ்' என்றோ எழுதியிருந்தாலும் இண்டெக்ஸ் அங்கேயே கொண்டுவந்து விடும். பிறகு கோடு எண் வரிசையில் அமைந்த டேபுலர் லிஸ்ட்டைத் திறந்து எம்24-இன் தலைப்பில் உள்ள குறிப்புகளைக் கட்டாயம் படிக்க வேண்டும். சாஃப்ட்வேர் தேடல் பெட்டியில் கோடை எடுத்து அப்படியே ஒட்டுபவர்கள் இந்த இடத்தைத் தவற விடுகிறார்கள். எதையெல்லாம் இந்தக் கோடில் சேர்க்கக் கூடாது என்று சொல்லும் எக்ஸ்க்ளூட்ஸ்1 குறிப்பு அங்கேதான் இருக்கிறது: இப்போதைய காயம் என்றால் எம்24 கூடாது, உடல் பகுதிவாரியான காயக் கோடுகளுக்குப் போக வேண்டும்.

நேற்று விழுந்து தோள் நழுவி, கிளெனாய்டு (தோள்பட்டை எலும்பின் மூட்டுக் குழி) விளிம்பு உடைந்து, சிடி ஸ்கேனில் மூட்டுக்குள் துணுக்கு தெரிகிறது என்று வையுங்கள். ரேடியாலஜிஸ்ட் 'லூஸ் பாடி' என்றே எழுதியிருப்பார். ஆனாலும் அது முறிவின் துண்டு. வலது தோளில் கிளெனாய்டு முறிந்து விலகியிருந்தால் எஸ்42.141ஏ, கூடவே மூட்டு நழுவலுக்கு எஸ்43.0- வரிசையில் உரிய கோடு. அதே நோயாளி பல மாதம் கழித்து, முறிவு ஆறிய பின், மூட்டு அவ்வப்போது சிக்கிக்கொள்கிறது என்று வந்து, பழைய துணுக்கு மூட்டில் மிதப்பதாக டாக்டர் எழுதினால் அப்போது எம்24.011 பொருந்தும். இதில் காலம்தான் தீர்மானிக்கிறது. காயம் புதியதா பழையதா என்று நோட்டில் தெளிவில்லை என்றால் டாக்டரிடம் விளக்கம் கேட்டு க்வெரி அனுப்புங்கள், ஊகிக்காதீர்கள்.

அடுத்துப் பார்க்க வேண்டியது, துணுக்கு உண்மையில் மூட்டுக்குள்தான் இருக்கிறதா என்பது. தோள் மேல் எலும்புக்குக் கீழே இருக்கும் சப்அக்ரோமியல் இடைவெளியில் உள்ளது பர்சா (திரவப் பை), அது மூட்டு ஆகாது. தசைநாணில் படிந்த கால்சியமும் எக்ஸ்ரேயில் துணுக்கு போலவே தெரியும். டாக்டர் கால்சிஃபிக் டெண்டினைட்டிஸ் என்று எழுதியிருந்தால் வலதுக்கு எம்75.31, இடதுக்கு எம்75.32. கிழிந்து தொங்கும் லேப்ரம் (மூட்டுக் குழியின் விளிம்பு வளையம்) இன்னும் ஒட்டிக்கொண்டுதான் இருக்கிறது, ஆகவே அதுவும் லூஸ் பாடி ஆகாது. முன்பு ஆபரேஷனில் வைத்த ஆங்கர் (திசுவை எலும்போடு பிடிக்கும் ஆணி) உடைந்து மிதந்தால் டி84 (T84) வரிசையைப் பாருங்கள்.

துணுக்கு எதனால் வந்தது என்பதற்குத் தனிக் கோடு உண்டு. பிரைமரி ஆஸ்டியோஆர்த்ரைட்டிஸ் (மூட்டுத் தேய்மானம்) என்றால் எம்19.011 அல்லது எம்19.012. ஆஸ்டியோகாண்ட்ரைட்டிஸ் டிசெகன்ஸ் (குருத்தெலும்பும் அதன் அடி எலும்பும் பிரிந்து வரும் நோய்) என்றால் எம்93.211 அல்லது எம்93.212. சைனோவியல் காண்ட்ரோமடோசிஸ் (மூட்டுச் சவ்வில் குருத்தெலும்பு முடிச்சுகள் உருவாகும் நோய்) என்று நோயின் பெயரே எழுதப்பட்டிருந்தால் அதை அந்தப் பெயரிலேயே இண்டெக்ஸில் தேட வேண்டும். துணுக்குகள் நிறைய இருக்கின்றன என்பதற்காக எம்24.01-ஐ மட்டும் போட்டு முடித்துவிடக் கூடாது.

புறநோயாளி ரிப்போர்ட்டில் 'இருக்கலாம்', 'சந்தேகம்' போன்ற சொற்கள் இருந்தால் லூஸ் பாடி கோடு கூடாது. உறுதியான அறிகுறியைக் கோட் செய்யுங்கள், வலது தோள் வலி எம்25.511, இடது எம்25.512. ஆபரேஷனுக்கு முந்தைய டயக்னோசிஸும் பிந்தையதும் வேறுபட்டால் பிந்தையதுதான் செல்லும்.

ஆர்த்ராஸ்கோப்பி (சிறு துளை வழியே கேமரா விட்டுச் செய்யும் ஆபரேஷன்) பற்றிய ஒரு ஆப்பரேட்டிவ் நோட் இப்படி இருக்கிறது என்று கொள்வோம்: 'இடது தோள் ஆர்த்ராஸ்கோப்பி. சப்ஸ்காபுலர் ரிசெஸில் 9 மி.மீ. லூஸ் பாடி. 5 மி.மீ. கேனுலா வழியே வரவில்லை, முன்பக்க போர்ட்டலைப் பெரிதாக்கி முழுதாக எடுக்கப்பட்டது. பிரைமரி ஆஸ்டியோஆர்த்ரைட்டிஸ் உள்ளது.' கேனுலா என்பது கருவி நுழையும் குழாய், போர்ட்டல் என்பது அதற்கான துளை. இந்த நோட்டுக்கு முதல் டயக்னோசிஸ் எம்24.012, அடுத்தது எம்19.012, செய்த ஆபரேஷனைக் குறிக்கும் சிபிடி கோடு 29819, இடது பக்கத்தைச் சொல்லும் மாடிஃபையர் எல்டி. இந்த நோட்டின் உயிர் அந்த 9-இலும் 5-இலும் இருக்கிறது. துணுக்கு கேனுலாவின் விட்டத்துக்குச் சமமாகவோ பெரிதாகவோ இருக்க வேண்டும். அதை எடுக்க இன்னும் பெரிய கேனுலாவோ, தனிக் கீறலோ, பெரிதாக்கிய போர்ட்டலோ தேவைப்பட்டிருக்கவும் வேண்டும். இரண்டும் இருந்தால்தான் 29819 என்பது சிபிடி விதி. பொடித் துணுக்குகளை ஷேவரால் உறிஞ்சி எடுத்திருந்தால் எம்24.012 அப்படியே நிற்கும், 29819 மட்டும் போய்விடும். அளவு எழுதாத நோட் வந்தால் சர்ஜனிடம் கேட்டு அடெண்டம் (நோட்டில் சேர்க்கும் கூடுதல் குறிப்பு) வாங்கிய பிறகே பில்லுக்கு அனுப்புங்கள். மூட்டைத் திறந்து செய்த ஆபரேஷன் என்றால் 23107.

இரு தோளிலும் இருந்தால்? இரட்டைப் பக்கத்துக்கென்று கோடு கிடையாது, எம்24.011, எம்24.012 இரண்டையும் போடுங்கள். எம்24.019-ஐ ஆபரேஷன் க்ளெய்மில் போடவே வேண்டாம். எந்தத் தோளில் ஆபரேஷன் செய்தோம் என்பது சர்ஜனுக்குத் தெரியாமல் இருக்க முடியாது, நோட்டில் எங்காவது ஒரு வரியில் அது நிச்சயம் இருக்கும்.

சிஎம்எஸ்-1500 என்ற க்ளெய்ம் படிவத்தில் 21-ஆம் கட்டத்தில் ஐசிடி இண்டிகேட்டர் 0 (ஐசிடி-10 என்று பொருள்). கோடில் புள்ளி வைக்காமல் எம்24012 என்று எழுத வேண்டும். 24இ-இல் 29819-க்கு நேராக வரும் பாயின்டர் எழுத்து இந்த டயக்னோசிஸைக் காட்டுகிறதா, மாடிஃபையர் சொல்லும் பக்கமும் கோடின் கடைசி இலக்கம் சொல்லும் பக்கமும் ஒன்றுதானா என்று பார்த்துவிட்டு அனுப்புங்கள்.